சதாசிவம் டாஸ் போட்ட வருடம்

நேயர்களுக்கு வணக்கம். ராமேசுவரம் பக்கத்தில் மண்டபம் என்ற ஊரில் பிறந்து வளர்ந்தவன் நான். எங்கள் வீட்டு ரேடியோவில் திருச்சி கரகரக்கும், இலங்கை கணீரென்று கேட்கும். எது நம் ஊர், எது அடுத்த நாடு என்று சின்ன வயதில் எனக்குக் கொஞ்சம் குழப்பம்தான்.

கிரிக்கெட் அந்தக் குழப்பத்தைத் தீர்க்கவில்லை. 1947-இல் சேப்பாக்கத்துக்கு வந்து 215 ரன் அடித்துவிட்டுப் போனவர் மகாதேவா சதாசிவம், இலங்கைத் தமிழர். மறு வருடம் பிப்ரவரியில் இலங்கைக்குச் சுதந்திரம். மார்ச்சில், இங்கிலாந்துக்குக் கப்பலில் போய்க்கொண்டிருந்த பிராட்மேனின் ஆஸ்திரேலிய அணி கொழும்பில் இறங்கி ஒரு நாள் ஆடியது. இலங்கைக்குத் தலைவர் சதாசிவம். 22 கெஜம் இருக்கவேண்டிய பிட்ச் அன்று 20 கெஜம்தான் இருந்ததாம். அளந்தவர் ஜவுளிக்கடையில் வேலை பார்த்தவரோ என்னவோ!

சரி, புது நாட்டின் அணிக்குத் தமிழர் தலைவர், பெருமைதான். ஆனால் இலங்கையின் குடியுரிமைச் சட்டம் வந்ததும் அந்த 1948-இல்தான். தேயிலைத் தோட்டத்துத் தமிழர்கள் லட்சக்கணக்கில் நாடற்றவர்களானார்கள். ஒரு காலத்தில் எங்கள் மண்டபம் முகாமில் அடைபட்டுக் கிடந்து, தனுஷ்கோடியில் இலங்கைக்குக் கப்பலேறிப் போனவர்கள் அவர்களில் எத்தனையோ பேர். இந்தியாவும் இலங்கையும் போட்ட 1964 ஒப்பந்தத்தில் 5,25,000 பேரை இந்தியா ஏற்பதென்று முடிவானது. அவர்களை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. டிரங்குப் பெட்டியோடு ராமேசுவரத்தில் இறங்கி நின்றவர்களை நானே பார்த்திருக்கிறேன். மட்டை பிடித்த தமிழருக்குத் தலைவர் பதவி, கொழுந்து பறித்த தமிழருக்கு ஒரு காகிதம்கூடக் கிடையாது. விளையாட்டு நாட்டை ஒன்றாக்கும் என்று யாராவது மேடையில் பேசினால் எனக்கு இந்த வருடம்தான் ஞாபகம் வரும்.

அப்புறம் சுழற்பந்து வீச்சாளர் முரளிதரன் வந்தார். கண்டிக்காரர், தாத்தா தமிழ்நாட்டிலிருந்து போனவர். 1995 டிசம்பரில் மெல்போர்னில் ஆஸ்திரேலிய நடுவர், பந்தை எறிகிறார் என்று அவருக்கு ஏழு முறை நோ-பால் கொடுத்தார். மூன்று மாதத்தில் லாகூரில் உலகக் கோப்பை இறுதிப் போட்டியில் ஆஸ்திரேலியாவை இலங்கை வென்றது. தங்கச்சிமடம் டீக்கடையில் நாங்கள் கைதட்டினோம். இலங்கைக் கடற்படையிடம் படகு பிடிபட்டு நொந்துபோயிருந்த ஒரு மீனவர் மட்டும், "யாருக்குடா தட்டுறீங்க?" என்று எழுந்து போய்விட்டார். அவரை என்ன சொல்வது?

2013-இல், ஈழப்போரின் கடைசி நாட்களுக்கு நியாயம் கேட்டு மாணவர்கள் தெருவில் நின்ற நேரம். சென்னை ஐபிஎல் ஆட்டங்களில் இலங்கை வீரர்கள் யாரும் ஆடக்கூடாது என்றானது. டீக்கடையில் ஒரு பையன் கேட்டான்: "அப்ப முரளியுமா மாமா?"

முரளியும்தான். சதாசிவம் 215 அடித்த சேப்பாக்கத்தில்.