காலம் முடிந்த உரிமமும் கிடங்கில் கிடக்கும் மணலும்

நேயர்களுக்கு வணக்கம்.

மணல் இருப்பு வைத்து விற்பவரின் உரிமக் காலம் முடிகிறது. புதுப்பிக்கக் கொடுத்த மனுவுக்கு மாதக்கணக்கில் பதில் இல்லை. அப்போது எழும் வழக்குகளைப் பற்றித்தான் இன்றைய பேச்சு. இவற்றில் பல, ஒரே தப்பான நம்பிக்கையில் தொடங்குகின்றன. "இத்தனை வருஷம் ஒழுங்காகக் கட்டணம் கட்டியிருக்கிறேன், ஒரு புகாரும் கிடையாது, புதுப்பித்துத் தந்துதான் ஆகவேண்டும்" என்பது அது. சட்டம் அப்படிச் சொல்லவில்லை.

மணல், கட்டுமானக் கல் போன்ற சிறுகனிமங்களுக்கான தமிழ்நாடு சிறுகனிமச் சலுகை விதிகள் 1959-ஆம் ஆண்டைச் சேர்ந்தவை. 1977 டிசம்பரில் அதில் 8-சி என்ற விதி சேர்ந்தது. கருப்புக் கிரானைட் குவாரிகள் இனி தனியாருக்கு இல்லை என்றது. அதற்கு முன்பே புதுப்பிக்க மனுப் போட்டவர்கள், "நாங்கள் கேட்டபோது இந்த விதி இல்லையே" என்று நீதிமன்றம் போனார்கள். ஹிந்த் ஸ்டோன் வழக்கில் 1981-இல் உச்ச நீதிமன்றம் சொன்ன பதில் இன்றைக்கும் செல்லும்: மனுவைக் கொடுத்த நாளில் இருந்த விதி கணக்கில்லை, அதை முடிவு செய்யும் நாளில் இருக்கிற விதியே கணக்கு. குத்தகையோ புதுப்பித்தலோ யாருக்கும் நிலைத்த உரிமை இல்லை. வழக்கு கிரானைட்டைப் பற்றியதுதான்; ஆனால் மணல் வழக்கிலும் அரசுத் தரப்பு முதலில் கையில் எடுப்பது இதைத்தான்.

தனியாருக்கு இல்லை என்ற அதே நிலை மணலுக்கு 2003 அக்டோபரில் வந்தது. 38-ஏ விதி, அரசு நிலத்திலும் பட்டா நிலத்திலும் மணல் அள்ளும் உரிமையை அரசு ஒன்றுக்கே கொடுத்தது. அதை உச்ச நீதிமன்றம் 2006-இல், கிருஷ்ணமூர்த்தி வழக்கில் ஏற்றுக்கொண்டது. ஆறுகளின் நிலையைப் பார்த்தவர்கள் அந்த முடிவைக் குறை சொல்ல முடியாது. 2012 பிப்ரவரியில் தீபக் குமார் வழக்கில் இன்னொரு படி கூடியது: ஐந்து ஹெக்டேருக்குக் குறைந்த சிறுகனிமக் குவாரியானாலும், புதுப்பிப்பதாக இருந்தாலும், சுற்றுச்சூழல் அனுமதி வேண்டும்.

குவாரி போகட்டும், கிடங்குக்கு வருவோம். சேமிப்புக்கும் விற்பனைக்கும் 2011-ஆம் ஆண்டின் தனி விதிகள் இருக்கின்றன. மனு நிலுவையில் இருப்பதே உரிமம் நீடிப்பதற்குச் சமம் என்று பலர் நினைத்து வியாபாரத்தைத் தொடர்கிறார்கள். விதியிலோ உரிமத்திலோ அப்படி எழுதியிருந்தால் ஒழிய, அது தப்பு. உரிமமின்றிச் சேமிப்பதும் கொண்டுபோவதும் 1957-ஆம் ஆண்டுச் சுரங்க, கனிமச் சட்டத்தின் 4(1ஏ) பிரிவை மீறுவதாகும். ஐந்து ஆண்டு வரை சிறை உண்டு, வண்டியும் பறிபோகும்.

அடுத்து அளவை. வழக்கு ஜெயிப்பதும் தோற்பதும் இங்கேதான், ஆனால் இதைக் கவனிப்பவர் குறைவு. ஒரு யூனிட் என்பது நூறு கன அடி, அதாவது 2.83 கன மீட்டர். உலர்ந்த மணலானால் ஏறக்குறைய நாலரை டன். குவியலின் அடி 10 மீட்டருக்கு 10 மீட்டர், உயரம் 2 மீட்டர் என்று வையுங்கள். நீளம், அகலம், உயரத்தைப் பெருக்கினால் 200 கன மீட்டர், சுமார் 70 யூனிட். ஆனால் மணல் செங்குத்தாக நிற்காது, பக்கம் சரியும். மேல்பரப்பு 4-க்கு 4 என்றால், நடுமட்டம் 7-க்கு 7. அடிப்பரப்பு 100, நடுப்பரப்பின் நாலு மடங்கு 196, மேல்பரப்பு 16. மூன்றையும் கூட்டி, உயரத்தால் பெருக்கி, ஆறால் வகுத்தால் 104 கன மீட்டர். 37 யூனிட்டுக்கும் கொஞ்சம் குறைவு! மகஜரில், அதாவது ஆய்வுக்கு வந்த அதிகாரிகள் அங்கேயே எழுதும் பதிவில், 70 என்று எழுதிவிட்டால், நடைச்சீட்டு (மணலைக் கொண்டுபோவதற்கான அனுமதிச் சீட்டு) இல்லாத மணல் 33 யூனிட் என்று கணக்கு வந்து நிற்கும்.

ஈரமும் கணக்கைக் கெடுக்கும். ஐந்து சதவீத ஈரமுள்ள மணலை ஏற்றி இறக்கினால் கன அளவு 20 முதல் 30 சதவீதம் வரை உப்பும். ஈரமாக வாங்கி யூனிட் கணக்கில் பதிந்தது, காய்ந்து படிந்தபின் குறையும். குறைந்ததைச் சீட்டில்லாமல் விற்றீர்கள் என்பார்கள். எடையில் வாங்கியதை எடையிலேயே பதியுங்கள். எடைமேடைச் சீட்டை நடைச்சீட்டோடு சேர்த்தே வையுங்கள். ஆய்வின்போது அளவு ஒத்துவராவிட்டால், மகஜரில் கையெழுத்துப் போடுவதற்கு முன் அதிலேயே ஆட்சேபத்தை எழுதுங்கள். பிறகு சொல்வதற்கு அவ்வளவு மதிப்பு இருக்காது.

உயர் நீதிமன்றத்தில் என்ன கிடைக்கும்? "உரிமம் கொடு" என்ற உத்தரவு அநேகமாகக் கிடைக்காது. மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து முடிவு செய் என்று கிடைக்கும். விளக்கம் கேட்காமலோ காரணம் எழுதாமலோ நிராகரித்திருந்தால், அந்த உத்தரவை ரத்து செய்து திரும்ப அனுப்புவார்கள். மேல்முறையீட்டுக்கு வழி இருக்கும்போது நேரே உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுப் போட்டால், முதலில் அங்கே போகச் சொல்லிவிடுவார்கள். அதற்குள் மேல்முறையீட்டுக் கெடு தாண்டியிருக்கும்.

அதனால் உரிமம் முடியும் நாளன்றே, கிடங்கில் உள்ள மணலைக் கூட்டாக அளந்து கொடுக்கும்படி மாவட்டக் கனிமவளத் துறை உதவி இயக்குநர் அலுவலகத்துக்குப் பதிவு அஞ்சலில் எழுதுங்கள். அந்த அளவையும், மீதியை விற்றுத் தீர்க்க அனுமதி கேட்கும் மனுவையும் தனிக் கோரிக்கையாக வையுங்கள். புதுப்பித்தல் கிடைக்காவிட்டாலும், முறையாக வாங்கிய மணலை என்ன செய்வது என்ற கேள்வியை நீதிமன்றம் அப்போது தனியே பார்க்க முடியும்.