டிக்கியில ஒரு மெஷின் கன்: டிவி ரைட்டர் வேலை எப்படி நடக்குது?

[திரையில்: பார்க்கிங்ல நிக்கிற கார், திறந்த டிக்கி]

2012 ஜூலை. போதைப்பொருள் தயாரிக்கிற ஒரு கெமிஸ்ட்ரி வாத்தியாரோட கதையான அமெரிக்க டிவி தொடர் ‘பிரேக்கிங் பேட்’, அதோட அஞ்சாவது சீசனோட முதல் காட்சி. அந்த வாத்தியார் வால்டர் ஒயிட் கார் டிக்கியைத் திறக்கிறார். உள்ள ஒரு மெஷின் கன். யாரைச் சுடப் போறார்? அதை எழுதின, தொடரை உருவாக்கின வின்ஸ் கில்லிகனுக்கே அப்போ தெரியாது!

நாவல்னா, முடிவு இடிச்சா முதல் அத்தியாயத்தைத் திருத்திக்கலாம். டிவியில அது ஏற்கெனவே ஒளிபரப்பாயிடுச்சு. துப்பாக்கியைக் காட்டியாச்சு, கணக்குத் தீர்த்தே ஆகணும்.

[திரையில்: கார்க் போர்டு, வரிசையா கார்டுகள்]

அந்தக் கணக்கை ஒருத்தர் தனியா உட்கார்ந்து தீர்க்கிறதில்ல. இதுதான் ரைட்டர்ஸ் ரூம். ஒரு மேஜை, சுத்தி ஆறேழு பேர், சுவர்ல கார்க் போர்டு. காட்சிக்கு ஒரு கார்டு. “இப்போ வால்ட் மனசுல என்ன ஓடுது?” கில்லிகன் திரும்பத் திரும்பக் கேக்கிற கேள்வி இது. பதில் கிடைக்காம அடுத்த கார்டு ஏறாது. போர்டு நிரம்பினதும் ஒருத்தர் எடுத்துட்டுப் போய் வசனத்தோட எழுதுவார். டைட்டில்ல அவர் பேர் வரும், உழைப்பு எல்லாரோடது.

துப்பாக்கி என்னாச்சு? கடைசி எபிசோட் பார்க்காதவங்க பத்து செகண்ட் மியூட் பண்ணிக்கோங்க. கார் டிக்கிக்குள்ள மோட்டார் வெச்சு, அது தானா சுடுற மாதிரி செஞ்சு முடிச்சாங்க. 2013 செப்டம்பர்ல.

[திரையில்: படிக்கட்டு வரைபடம்]

கில்லிகன் இந்த இடத்துக்கு எப்படி வந்தார்? 1995-ல ‘எக்ஸ் ஃபைல்ஸ்’ங்கிற மர்மத் தொடருக்கு வெளியிலிருந்து ஒரு எபிசோட் எழுதிக் கொடுத்தார். அப்புறம்தான் வேலைக்குச் சேர்ந்தார். அமெரிக்க டிவியில கீழ்ப்படி ஸ்டாஃப் ரைட்டர், அடுத்து ஸ்டோரி எடிட்டர், அதுக்கு மேல விதவிதமா ‘புரொடியூசர்’ பட்டம். பணம் போடுறவங்கன்னு நினைச்சிடாதீங்க, பெரும்பாலும் ரைட்டர்ஸ்தான். உச்சியில ஷோரன்னர். டைரக்டர்கள் எபிசோடுக்கு எபிசோட் மாறுவாங்க. கதை, நடிகர் தேர்வு, எடிட்டிங்னு எல்லாத்துக்கும் கடைசி வார்த்தை ஷோரன்னரோடது.

1998-ல கில்லிகன் எழுதின ஒரு ‘எக்ஸ் ஃபைல்ஸ்’ எபிசோட்ல, வெறுக்கத்தக்க ஆள் மேல பரிதாபமும் வரணும். நடிச்சவர் பிரையன் க்ரான்ஸ்டன். அப்புறம் ‘எக்ஸ் ஃபைல்ஸ்’ முடிஞ்சு கையில உருப்படியா வேலை இல்லாத காலம். நண்பர்கிட்ட போன்ல, ‘வேன்ல போதைப்பொருள் காய்ச்சலாமா’ன்னு ஓடின ஜோக்குலதான் ‘பிரேக்கிங் பேட்’ பொறந்தது. க்ரான்ஸ்டனை வால்டரா போடணும்னு சொன்னா, தொடரை ஒளிபரப்பின ஏஎம்சி சேனல்காரங்க தயங்கினாங்க. அவங்களுக்கு அவர் சிட்காம்ல, அதாவது காமெடித் தொடர்ல வர்ற அப்பா! கில்லிகன் அந்தப் பழைய எபிசோடைப் போட்டுக் காட்டினார். சம்மதிச்சாங்க.

2023-ல அமெரிக்க ரைட்டர்ஸ் 148 நாள் வேலைநிறுத்தம் பண்ணாங்க. ரூம்ல குறைஞ்சபட்சம் இத்தனை பேர் இருக்கணும், ஏஐ-க்குக் கட்டுப்பாடு வேணும்னு கேட்டு ரெண்டையும் ஒப்பந்தத்துல சேர்க்க வெச்சாங்க. 2025-ல வந்த கில்லிகனோட ‘ப்ளூரிபஸ்’ல, எண்ட் டைட்டிலை ஓட்டிடாம பாருங்க. இந்தத் தொடரை உருவாக்கினது மனுஷங்கன்னு ஒரு வரி இருக்கும்.