வாயுள்ள பிள்ளை பிரையன் கிளஃப்

(நொட்டிங்ஹாமில் எங்கள் விளையாட்டுக் கழக ஆண்டு விழாவில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

மதிப்புக்குரிய தலைவர் அவர்களே, வேலை முடிந்த கையோடு உடுப்பும் மாற்றாமல் நேரே இங்கு வந்திருக்கும் பிரதம விருந்தினர், எலும்பு முறிவு வைத்திய நிபுணர் அவர்களே, அழைத்த உடனேயே மறுக்காமல் வந்த நகரசபை உறுப்பினர் அவர்களே, எங்கள் கழகத்தை இவ்வளவு காலமும் தோளில் சுமந்த மூத்த உறுப்பினர்களே, காலையிலிருந்து அடுப்படியில் நின்று இவ்வளவு பேருக்கும் சமைத்த அக்காமாரே, சனிக்கிழமை தோறும் பிள்ளைகளை மழையிலும் குளிரிலும் மைதானத்துக்குக் கொண்டுவந்து இறக்கும் பெற்றோரே, எல்லாருக்கும் வணக்கம்.

வைத்தியர் அவர்கள் மேடையில் இருப்பது எனக்குப் பெரிய பலம். ஏன் என்பது போகப் போகத் தெரியும்.

மூன்று விடயம் பேசுவதாகச் சொல்லியிருக்கிறேன். நொட்டிங்ஹாம் ஃபொரஸ்ட் உதைபந்தாட்ட அணியின் முன்னாள் முகாமையாளர் பிரையன் கிளஃப்பின் வாழ்க்கை, அவருடைய வாய், அவர் கற்றுக்கொடுத்த ஆட்டமுறை. டார்பியிலிருந்து ஏ52 சாலையால் வந்தவர்கள் இன்றைக்கு அவருடைய பெயரில்தான் கார் ஓட்டி வந்திருக்கிறீர்கள். 2005 முதல் அதற்குப் பெயர் பிரையன் கிளஃப் வே. ஒன்றுக்கொன்று ஆகாத இரண்டு உதைபந்தாட்ட ஊர்களை ஒரே மனிதரின் பெயர் இணைக்கிறது.

வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்பார்கள். என் தாயார் அடிக்கடி சொன்ன பழமொழி. இந்த நாட்டில் அதை வாழ்ந்து காட்டிய ஒருவரைச் சொல்லுங்கள் என்றால் நான் கிளஃப்பைத்தான் சொல்வேன்.

1935இல் மிடில்ஸ்பரோவில் பிறந்தார். தகப்பன் இனிப்புத் தொழிற்சாலைத் தொழிலாளி. நகரசபை வீடு, வீடு நிறையப் பிள்ளைகள். உயர்பள்ளிக்குப் பிள்ளைகளைத் தெரிவுசெய்யும் பதினொரு வயதுச் சோதனையில் சித்தியடையவில்லை. முன்வரிசைப் பெற்றோர் இதைக் கொஞ்சம் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். அந்தப் பிள்ளை மிடில்ஸ்பரோ அணிக்காக லீக்கில் 213 ஆட்டங்களில் 197 கோல் அடித்தது. அப்புறம் சண்டர்லாண்டுக்குப் போனது.

இப்போது 1962 டிசம்பர் 26க்கு வருகிறேன். நத்தாருக்கு மறுநாள். சண்டர்லாண்டின் றோக்கர் பார்க் மைதானம், எதிரணி பெரி. நிலம் உறைந்து கல்லாகக் கிடக்கிறது. கிளஃப்புக்கு வயது 27. அந்தப் பருவத்தில் லீக்கில் 24 ஆட்டம், 24 கோல். ஆட்டத்துக்கு ஒன்று! இப்படி ஒருவர் நம்முடைய அணியில் இருந்தால் தலைவர் அவர்கள் இரவில் நிம்மதியாகத் தூங்குவார்.

ஒரு பந்து முன்னால் போகிறது. கிளஃப்பின் கண் பந்தில். வேறெதிலும் இல்லை. கோல் அடிக்கிறவனின் கண் அப்படித்தான். பெரியின் கோல் காப்பாளர் கிறிஸ் ஹார்க்கர் பந்தை எடுக்க முன்னால் பாய்கிறார். அவரும் தன் வேலையைத்தான் செய்தார், அவர்மேல் பிழை இல்லை. இருவரும் மோதுகிறார்கள். ஹார்க்கரின் தோள் கிளஃப்பின் வலது முழங்காலில். கிளஃப்பின் தலை நிலத்தில் அடிக்கிறது. கண் இருட்டுகிறது. எழும்பப் பார்க்கிறார், கால் வரவில்லை. அப்போதும் அந்த மனிதர் என்ன செய்தார் தெரியுமா? பந்தை நோக்கித் தவழ்ந்தார்!

அந்த நேரத்தில் பெரி அணியின் பொப் ஸ்டோக்கோ நடுவரைப் பார்த்து, இவன் சும்மா நடிக்கிறான் என்றார். முழங்காலுக்குள் தசைநார்கள் அறுந்து கிடக்கிறது. அந்த முழங்காலோடு சேர்ந்து ஒரு மனிதனின் தொழிலே முடிந்துகொண்டிருக்கிறது. அதைப் பார்த்து நடிப்பு என்கிறார். கிளஃப் அந்தச் சொல்லைக் கடைசிவரை மறக்கவும் இல்லை, மன்னிக்கவும் இல்லை. அவர் இடத்தில் நின்றிருந்தால் நானும் மன்னித்திருக்க மாட்டேன்.

மாதக்கணக்கில் மாவுக்கட்டு. படிக்கட்டிலே ஏறி இறங்கி ஓடிக் காலைத் திருப்பி எடுக்கப் பார்த்தார். 1964 செப்டம்பரில் திரும்பி வந்து மூன்று ஆட்டம் ஆடினார். அதோடு சரி. 29 வயதில் எல்லாம் முடிந்தது. லீக்கில் மொத்தம் 274 ஆட்டம், 251 கோல்.

இந்த இடத்தில் ஒரு பெயரைச் சொல்லியாக வேண்டும். ஜோர்ஜ் ஹார்ட்விக். அப்போது சண்டர்லாண்டின் முகாமையாளர். காயத்தோடு நொந்துபோய்ச் சுற்றித் திரிந்த கிளஃப்பைக் கூப்பிட்டு, இளைஞர் அணியைப் பார்த்துக்கொள் என்று கையில் கொடுத்தார். கிளஃப் அந்தப் பெடியன்களை எஃப்.ஏ. இளையோர் கிண்ணத்தின் அரையிறுதிவரை கொண்டுபோனார். ஹார்ட்விக் அன்றைக்கு அதைச் செய்திராவிட்டால் ஹார்ட்டில்பூல்ஸ் இல்லை, டார்பி இல்லை, இந்த நொட்டிங்ஹாமின் இரண்டு ஐரோப்பியக் கிண்ணமும் இல்லை. நான் இதை முழுமனதாக நம்புகிறேன்.

மற்றது உங்களுக்குத் தெரிந்த கதை. 1965இல் 30 வயதில் ஹார்ட்டில்பூல்ஸ் முகாமையாளர். காசில்லாத கழகம். அணியின் பஸ்ஸை ஓட்டத் தானே உரிமம் எடுத்தார். பக்கத்தில் நண்பர் பீற்றர் டெய்லர். 1967இல் இருவரும் டார்பிக்குப் போனார்கள். இரண்டாம் பிரிவில் கிடந்த அணி 1972இல் இங்கிலாந்தின் சாம்பியன். 1975 ஜனவரியில் நொட்டிங்ஹாம் ஃபொரஸ்ட். அதுவும் இரண்டாம் பிரிவு. 1977இல் மேலே ஏறி, 1978இல் சாம்பியன், 1979இல் மியூனிக்கில் மல்மோவை வென்று ஐரோப்பியக் கிண்ணம், 1980இல் மட்ரிட்டில் ஹம்பேர்க்கை வென்று மறுபடியும். இடையில் லீக்கில் தொடர்ந்து 42 ஆட்டம் தோல்வியே இல்லை. மியூனிக்கில் வெற்றிக் கோலுக்குப் பந்தைத் தூக்கிப் போட்டவரும் மட்ரிட்டில் கோல் அடித்தவரும் ஒருவர்தான், ஜோன் ரொபேட்சன். கிளஃப் வரும்போது கவனிப்பார் இல்லாமல் கிடந்த ஆட்டக்காரர்.

சரி, வாய். வாயுள்ள பிள்ளை பிழைக்கும். தொழிலிலே நான்தான் சிறந்த முகாமையாளர் என்று சொல்ல மாட்டேன், ஆனால் முதல் ஒருவருக்குள் இருந்தேன் என்றவர் அவர். முகம்மது அலியே தொலைக்காட்சியில் கிளஃப்பின் பெயரைச் சொல்லி, போதும் நிறுத்து என்றார். 1973இல் டார்பி நிர்வாகம் தொலைக்காட்சியில் பேசுவதைக் குறைக்கச் சொன்னது. ராஜினாமாக் கடிதம் கொடுத்தார். ரசிகர்கள் தெருவுக்கு வந்தார்கள். 1974இல் லீட்ஸ் அணிக்கு முகாமையாளராகப் போய், முதல் வேலையாக ஆட்டக்காரரைப் பார்த்து, உங்கள் பதக்கங்களைக் குப்பையில் போடுங்கள் என்றார். 44 நாளில் வெளியே. 1984இல் சுரங்கத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தபோது அவர்கள் பக்கம் நின்றவரும் இதே மனிதர்தான்.

அந்த வாய் காயப்படுத்தியும் இருக்கிறது. 1989இல் லிவர்பூலும் ஃபொரஸ்டும் ஆடிய ஹில்ஸ்பரோ மைதானத்தில் கூட்ட நெரிசலில் 97 உயிர் போனது. பழியை லிவர்பூல் ரசிகர்கள்மேல் போட்டார். இறந்தவர்களின் குடும்பங்களுக்கு அது இன்னொரு அடி. தனக்குக் கிடைத்த தகவல் பிழை என்று பின்னால் ஏற்றுக்கொண்டார். தன்பாலீர்ப்புள்ளவர் என்பதற்காகத் தன் அணி ஆட்டக்காரர் ஜஸ்டின் ஃபஷானுவை நடத்திய விதமும் அநியாயம். அவரை நேசிக்கிற நாங்கள் இதை மறைத்துப் பேசக் கூடாது.

ஆனால் நான் இன்றைக்கு வாயில்லாப் பிள்ளைகளுக்காகப் பேச வந்திருக்கிறேன். வாயுள்ள பிள்ளை எப்படியும் பிழைக்கும். மற்றப் பிள்ளை? எங்கள் பெடியன்களைப் பாருங்கள், பெட்டைகளையும் பாருங்கள். முழங்கால் வீங்கியிருக்கும். கேட்டால் "ஒண்டுமில்லை அங்கிள்" என்று சொக்ஸை மேலே இழுத்துவிட்டு ஓடுவார்கள். அடுத்த கிழமை இடம் போய்விடும் என்ற பயம். விழுந்தால் கோட்டுக்கு வெளியே நிற்கிற பெரியவர்களே "நடிக்கிறான், எழும்படா" என்று கத்துகிறார்கள். என் காதால் கேட்டிருக்கிறேன். ஸ்டோக்கோ சொன்ன அதே சொல்.

சத்திரசிகிச்சை இந்த நாட்டில் இலவசம்தான். அதற்குப் பிறகு உடற்பயிற்சிச் சிகிச்சைக்குப் பெயர் கொடுத்துவிட்டுக் காத்திருக்கும் மாதங்களில் கால் மெலிந்துவிடும், மனமும் விட்டுப்போகும். வைத்தியர் அவர்கள் தலையாட்டுகிறார், நன்றி. அந்தப் பிள்ளை மைதானப் பக்கம் வருவதை நிறுத்திவிடும். நாங்களும் மறந்துவிடுவோம். சென்ற பருவத்தில் அப்படிப் போன பிள்ளைகளின் பெயர் இங்கு எத்தனை பேருக்கு நினைவிருக்கிறது?

ஆகவே என் கோரிக்கை இது. கோடைச் சுற்றுப்போட்டியில் சேரும் காசில் ஒரு பங்கு, கிண்ணமும் மாலையும் வாங்க முன்னர், காயப்பட்ட பிள்ளைகளின் சிகிச்சைக்கு என ஒதுக்கப்பட வேண்டும். காலில் கட்டோடு இருக்கும் பிள்ளையை வீட்டில் இருக்க விடாமல், பத்து வயதுக்குட்பட்ட அணியின் பயிற்சிக்குத் துணையாக அழைக்க வேண்டும். விருப்பமானால் பயிற்றுநர் சான்றிதழ் படிப்புக்குக் கட்டணத்தையும் கழகம் கட்ட வேண்டும். காயப்பட்ட கிளஃப்பைப் பயிற்சிப் பக்கம் அழைத்து ஹார்ட்விக் செய்தது இதைத்தான்.

ஆட்டமுறை பற்றி, பந்தை நிலத்தில் வைத்து ஆடுவது பற்றி, நிறையச் சொல்ல இருந்தது. நேரம் போய்விட்டது, அது இன்னொரு மேடைக்கு.

பொருளாளர் அண்ணை, வருகிற பொதுக்கூட்ட நிகழ்ச்சி நிரலில் இந்தத் தீர்மானத்தை முதலாவதாகப் போடுங்கள். முன்மொழிய நான் இருக்கிறேன். வழிமொழிய விரும்புகிறவர்களுக்காக வாசல் மேசையில் ஒரு தாள் வைத்திருக்கிறேன். சாப்பாட்டுக்குப் போக முன் பெயரை எழுதிவிட்டுப் போங்கள். வணக்கம்.