‘நியூஸ் ஃப்ரம் ஹோம்’: அந்தப் பெண் எங்கே?

வணக்கம். தனியாக வெளிநாட்டுக்குச் செல்பவர்களைப் பற்றிய குறைந்த செலவுப் படங்களைக் குறித்துச் சென்ற முறை பேசியபோது, ஷாந்தால் அக்கர்மன் 1976ஆம் ஆண்டு எடுத்த ‘நியூஸ் ஃப்ரம் ஹோம்’ படத்தைப் பார்க்கும்படி சொல்லியிருந்தேன். அதைப் பார்த்துவிட்டு ஒரு நேயர் இப்படிக் கேட்டிருக்கிறார்: “நியூயார்க்குக்குத் தனியாகச் சென்ற ஒரு பெண்ணைப் பற்றிய படம் என்றீர்கள். ஏறத்தாழ ஒன்றரை மணி நேரத்தில் அந்தப் பெண் ஓரிடத்தில்கூட வரவில்லை. அம்மாவின் கடிதங்களை வாசிக்கும் குரலும் பல இடங்களில் வண்டிச் சத்தத்தில் கேட்காமல் போகிறது. நான் பார்த்த பிரதியில் கோளாறா, அல்லது கையில் பணம் இல்லாததால் இப்படி எடுத்துவிட்டார்களா?”

பிரதியில் கோளாறு எதுவும் இல்லை. பணத்தைப் பற்றிய கேள்விக்குப் பிறகு வருகிறேன். முதலில் அந்தக் குரலைப் பற்றிச் சொல்ல வேண்டும், ஏனென்றால் நீங்கள் தேடிய பெண் அந்தக் குரலில்தான் இருக்கிறார்.

பிரஸ்ஸல்ஸ் நகரில் 1950ஆம் ஆண்டு பிறந்த அக்கர்மன், 1971ஆம் ஆண்டு, தம்முடைய 21ஆம் வயதில் நியூயார்க்குக்குச் சென்றார். கிடைத்த சில்லறை வேலைகளைச் செய்து வயிற்றைக் கழுவிக்கொண்டு, அந்நகரில் அப்போது திரையிடப்பட்டு வந்த சோதனை முயற்சிப் படங்களைத் தேடித் தேடிப் பார்த்தார். அந்தக் காலத்தில் ஊரிலிருந்து அவருடைய அம்மா விடாமல் கடிதம் எழுதிக்கொண்டிருந்தார். பின்னர் ஊர் திரும்பி, சில படங்களை எடுத்து முடித்த பிறகு, 1976ஆம் ஆண்டு கோடையில் அதே நியூயார்க்குக்கு மறுபடியும் சென்று, முன்பு அங்கே அறிமுகமாகியிருந்த ஒளிப்பதிவாளர் பாபெட் மாங்கோல்ட்டுடன் சேர்ந்து, 16 மி.மீ. படச்சுருளில் அந்நகரின் தெருக்களையும் சுரங்க ரயில்களையும் பதிவு செய்தார். அந்தக் காட்சிகளின் மேல் பழைய கடிதங்களை வாசித்தார். நாம் பார்க்கும் தெருக்கள் 1976ஆம் ஆண்டின் தெருக்கள். நாம் கேட்கும் கடிதங்களோ அதற்குச் சில ஆண்டுகள் முன்பு அங்கே தனியாக இருந்த மகளுக்கு வந்தவை. கடிதங்கள் தேடி வந்த அந்தப் பெண், படம் எடுக்கப்பட்ட நாளில் அந்த முகவரியில் இல்லை. அவர் ஏன் திரையில் வரவில்லை என்பதற்கு இதுவே ஒரு காரணம் என்று நான் எண்ணுகிறேன்.

நீங்கள் அம்மாவின் கடிதங்களை வாசிக்கும் குரல் என்று எழுதியிருக்கிறீர்கள். அது யாருடைய குரல்? அக்கர்மன் தாமே வாசிக்கிறார். அம்மா எழுதிய சொற்கள் மகளின் வாயிலிருந்து வருகின்றன. அதுவும் ஏற்ற இறக்கம் இல்லாமல், சற்று வேகமாக, ஏற்கெனவே பலமுறை படித்துவிட்ட கடிதத்தை மறுபடியும் படிப்பதைப் போல. மகள் எழுதிய பதில்களில் ஒரு வரிகூடப் படத்தில் இல்லை. ஆனால், நீ எழுதியதைப் படித்தேன், நீ எழுதி வெகு நாளாயிற்று என்று அம்மா சொல்வதிலிருந்து அந்தப் பதில்கள் எப்போது வந்தன, எப்போது வரவில்லை என்பதை நாம் ஊகித்துக்கொள்கிறோம். உடம்பைப் பார்த்துக்கொள்கிறாயா, எப்போது திரும்பி வருவாய், அப்பாவுக்குக் களைப்பாக இருக்கிறது, கடையில் வியாபாரம் சுமார்தான், சொந்தக்காரர் வீட்டில் விசேஷம் நடந்தது, அடிக்கடி எழுது: கடிதங்களின் சாரம் இவ்வளவுதான். “நலம், நலமறிய ஆவல்” என்று தொடங்கும் நீலநிற இன்லேண்டு கடிதத்தைப் பிரித்துப் படித்த தலைமுறைக்கு இதில் ஒரு சொல்லையும் விளக்க வேண்டியதில்லை. நான் வெளியூர் விடுதியில் தங்கிப் படித்தபோது என் அம்மா கடிதத்தை மூன்று பக்கமும் நிரப்பிவிட்டு, ஒட்டுவதற்காக மடிக்கும் ஓரத்திலும் இரண்டு வரி எழுதியிருப்பார். உறையைக் கிழிக்கும்போது அந்த வரிகள் கிழிந்துவிடும். அதில் என்ன எழுதியிருந்தார் என்று நான் ஒருமுறைகூடத் திருப்பிக் கேட்டதில்லை. இந்தப் படத்தில் ரயில் சத்தம் கடிதத்தின் பாதி வாக்கியத்தை விழுங்கும்போதெல்லாம் எனக்கு அந்தக் கிழிந்த ஓரம்தான் நினைவுக்கு வருகிறது.

இனி அந்தச் சத்தத்தைப் பற்றிச் சொல்கிறேன். இந்தப் படத்தின் ஒலி, காட்சியோடு சேர்த்து அதே நொடியில் பதிவு செய்யப்பட்டதன்று. கார்களின் இரைச்சலும் ரயிலின் அதிர்வும் பிறகு தனியாகச் சேர்க்கப்பட்டவை. கவனித்துக் கேட்டீர்களானால், சத்தம் சில இடங்களில் காட்சியோடு சரியாகப் பொருந்தாமல், கூடியும் குறைந்தும் வருவதை உணரலாம். அப்படியென்றால், ஒலிக்கலவை செய்யும் மேசையில் உட்கார்ந்திருந்தவர் கடிதத்தை வாசிக்கும் குரலைச் சற்றே உயர்த்தி வைத்திருந்தால் நமக்கு ஒவ்வொரு சொல்லும் தெளிவாகக் கேட்டிருக்கும். அதைச் செய்வதற்குப் பணம் தேவையில்லை. வேண்டுமென்றேதான் குரலை இரைச்சலுக்குள் அமுங்க விட்டிருக்கிறார்கள். புதிய ஊருக்குத் தனியாகப் போன ஒருவரின் மனத்தில் முதல் சில வாரங்கள் வீட்டின் குரல் உரத்துக் கேட்கிறது. பிறகு ஊரின் சத்தம் மெல்ல மெல்ல மேலே ஏறுகிறது. மகளுக்கு அம்மாவின் மேல் அன்பு குறைந்துவிடவில்லை. அவர் வேலைக்குப் போக வேண்டும், ரயிலைப் பிடிக்க வேண்டும், அவ்வளவுதான். இதை ஒரு நடிகையின் முகத்தை அண்மையில் காட்டி, கண்ணீரோடு சொல்லியிருந்தால் நாம் அந்தப் பெண்ணுக்காக இரங்கியிருப்போம். இங்கே நம்முடைய காதே அம்மாவின் சொல்லைத் தவறவிடுகிறது. தவறவிட்ட பிறகு, அதில் என்ன இருந்திருக்கும் என்ற குறுகுறுப்பும் நம்மிடமே தங்கிவிடுகிறது.

இன்னொரு செய்தியையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அக்கர்மனின் தாயார் போலந்து நாட்டைச் சேர்ந்த யூதர். ஆஷ்விட்ஸ் வதைமுகாமிலிருந்து உயிரோடு மீண்டவர். தம் பெற்றோரை அங்கே இழந்தவர். இந்தப் படத்தில் அதைப் பற்றி ஒரு சொல்கூட இல்லை. ஆனால், மகளிடமிருந்து இரண்டு வாரம் கடிதம் வரவில்லை என்றால் அந்தத் தாய்க்கு அது எதை நினைவுபடுத்தியிருக்கும் என்பதை யோசித்துப் பார்த்த பிறகு, “அடிக்கடி எழுது” என்ற அந்தச் சாதாரண வேண்டுகோளை என்னால் சாதாரணமாகக் கேட்க முடியவில்லை.

பணத்தைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். படம் சிக்கனமாக எடுக்கப்பட்டது என்பது உண்மை. நடிகர்கள் இல்லை, அரங்கம் இல்லை, வசனக் காட்சி இல்லை. ஆனாலும், பணமில்லாததால்தான் அந்தப் பெண்ணைக் காட்டவில்லை என்று சொல்ல இயலாது. இதற்கு முந்தைய ஆண்டு, 1975இல், இதே இயக்குநர் தெல்ஃபின் செய்ரிக் என்ற பெயர்பெற்ற நடிகையை ஒரு வீட்டுக்குள் வைத்து, மூன்று மணி நேரத்துக்கும் மேலாக ஓடும் ‘ழான் தீல்மான்’ என்ற படத்தை எடுத்திருந்தார். உருளைக்கிழங்கு தோல் சீவும் ஒரு பெண்ணைக் கண் எடுக்காமல் பார்க்க வைக்கத் தெரிந்தவருக்கு, நியூயார்க் தெருவில் நடந்து போகும் ஒரு பெண்ணைக் காட்டத் தெரியாதா? அவர் காட்ட விரும்பியது அந்தப் பெண் பார்த்ததை. சுரங்க ரயில் பெட்டிக்குள் கேமரா அசையாமல் நிற்கும் காட்சியை மறுபடியும் பாருங்கள். நிலையம் வருகிறது, கதவு திறக்கிறது, ஆட்கள் ஏறுகிறார்கள், இறங்குகிறார்கள். சிலர் கேமராவை நேராகப் பார்த்துவிட்டுப் பார்வையை விலக்கிக்கொள்கிறார்கள். அறிமுகமில்லாத ஊரில் தனியாகப் பயணம் செய்தவர்கள் எல்லோரும் அந்தப் பார்வையை வாங்கியிருப்பார்கள்.

கடைசிக் காட்சி தேவையில்லாமல் நீள்கிறது என்றும் எழுதியிருந்தீர்கள். மன்ஹாட்டனை விட்டு விலகிச் செல்லும் படகிலிருந்து ஏறத்தாழ பத்து நிமிடம் கேமரா கரையையே பார்த்துக்கொண்டிருக்கிறது. 16 மி.மீ. கேமராவில் வழக்கமாகப் போடும் 400 அடிச் சுருள் சுமார் 11 நிமிடம் ஓடும்; எனவே ஒரு முழுச் சுருளை ஒரே பார்வைக்குச் செலவழித்திருக்கிறார் என்றே கொள்ளலாம். கையில் சுருள் குறைவாக இருப்பவர் செய்யத் துணியாத செலவு அது. முதலில் கட்டடங்கள் திரையை அடைத்துக்கொண்டு நிற்கின்றன. பிறகு முழு நகரமும் தெரிகிறது. உலக வர்த்தக மையத்தின் இரட்டைக் கோபுரங்கள் மூடுபனியில் கரையத் தொடங்குகின்றன. கடற்பறவைகள் குறுக்கே பறக்கின்றன. அங்கே கடிதம் எதுவும் வாசிக்கப்படுவதில்லை. தண்ணீரின் சத்தமும் பறவைகளின் சத்தமும் மட்டுமே கேட்கின்றன. அத்தனை நேரம் அம்மாவின் குரலை அமுக்கிய நகரத்தின் இரைச்சல் விலகிய பிறகு, நாம் அந்தக் குரலை எதிர்பார்த்து உட்கார்ந்திருக்கிறோம். அதற்குத்தான் அந்தப் பத்து நிமிடம்.

ஒரு யோசனை சொல்கிறேன். இந்தப் படத்துக்குப் பிரெஞ்சு வாசிப்பு, ஆங்கில வாசிப்பு என்று இரண்டு பதிப்புகள் இருக்கின்றன. இரண்டிலும் அக்கர்மனே வாசிக்கிறார். நீங்கள் பார்த்தது கீழே எழுத்து ஓடும் பிரெஞ்சுப் பதிப்பாக இருந்தால், காது தவறவிட்டதைக் கண் படித்துவிட்டிருக்கும். அடுத்த முறை ஆங்கிலப் பதிப்பை, எழுத்துகளை அணைத்துவிட்டு, ஒலியைக் கூட்டாமல் பாருங்கள்.