டானா ஃபிரெஞ்ச்: துப்பறிகிறவரையே துப்பறியும் நாவல்கள்

[திரையில்: அகழாய்வுக் குழி. அதன் ஓரத்தில் தொடங்கும் அடர்ந்த காடு.]

அயர்லாந்தில் ஒரு நாடக நடிகை. அடுத்த வேடம் கிடைக்கும்வரை சும்மா இருக்க முடியாது என்று ஒரு தொல்லியல் அகழாய்வில் வேலைக்குச் சேர்கிறார். குழிக்குப் பக்கத்திலேயே ஒரு காடு. பிள்ளைகள் விளையாட அருமையான இடமாயிற்றே என்று நினைக்கிறார். யாருக்கும் அப்படித்தான் தோன்றும். ஆனால் அவர் மனம் அதோடு நிற்கவில்லை. மூன்று பிள்ளைகள் உள்ளே ஓடி, ஒன்று மட்டும் திரும்பி வந்தால்? வந்த பிள்ளைக்கும் நடந்தது எதுவுமே நினைவில்லை என்றால்? அந்தப் பிள்ளை பிற்காலத்தில் கொலை வழக்கு விசாரிக்கும் போலீஸ்காரராக ஆனால்?

இந்த மூன்று கேள்விகளில் பிறந்ததுதான் 2007-ல் வந்த 'இன் த வுட்ஸ்'. எழுதியவர் டானா ஃபிரெஞ்ச். அது அவருடைய முதல் நாவல். அமெரிக்காவில் குற்றப்புனைவுக்குத் தரப்படும் எட்கர் விருது, சிறந்த முதல் நாவல் பிரிவில் அதற்குக் கிடைத்தது.

ஆளைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1973-ல் அமெரிக்காவின் வெர்மான்ட் மாநிலத்தில் பிறந்தவர். அப்பா பொருளாதார வல்லுநர், வேலை எங்கே கூப்பிடுகிறதோ அங்கே குடும்பமும் போகும். அயர்லாந்து, இத்தாலி, மலாவி என்று பல ஊர்களில் வளர்ந்தார். 1990-ல் டப்ளினுக்கு வந்தவர் அங்கேயே தங்கிவிட்டார். டிரினிட்டி கல்லூரியில் நடிப்புப் பயிற்சி, அப்புறம் மேடை நாடகம், குரல் கொடுக்கும் வேலை.

இதில் அந்த நடிப்பை மட்டும் மறக்காமல் வைத்துக்கொள்ளுங்கள். அவருடைய எழுத்துக்கான சாவி அங்கேதான் இருக்கிறது.

[திரையில்: ஆறு புத்தக அட்டைகள் வரிசையாக.]

முதல் ஆறு நாவல்களும் டப்ளின் கொலை விசாரணைப் பிரிவைச் சுற்றி நடக்கின்றன. அந்தப் பிரிவே கற்பனை. ஐரிஷ் காவல்துறையில் அப்படி ஒன்று இல்லை என்று அவரே சொல்லிவிட்டார். வழக்கமான தொடர்களில் ஒரே துப்பறிவாளர் புத்தகத்துக்குப் புத்தகம் வருவார், வழக்கு மட்டும் மாறும். இங்கே கதை சொல்பவரே மாறிவிடுவார். ஒரு நாவலில் ஓரமாக வந்து போனவர் வேறொரு நாவலில் 'நான்' என்று பேசத் தொடங்குவார். போன புத்தகத்தில் முரட்டு ஆளாக, தந்திரக்காரராகத் தெரிந்தவர், அவர் வாயாலேயே கேட்கும்போது வேறு ஆளாக இருப்பார். ஒவ்வொரு நாவலுக்கும் ஒரு வேடம் கட்டுகிறார் ஃபிரெஞ்ச். அந்த ஆளுக்கு என்ன தெரியும், எதைப் பார்க்க மறுப்பான், எந்த இடத்தில் குரல் மாறும் என்பதெல்லாம் நடிகை போடும் கணக்கு. கதையை முன்கூட்டியே திட்டமிட்டு எழுதுவதில்லை என்றும் சொல்லியிருக்கிறார். கையில் ஒரு சூழ்நிலை, கதை சொல்ல ஒரு ஆள், அவ்வளவுதான்.

'இன் த வுட்ஸ்' சொல்பவர் ராப் ரயன். 1984-ல் காட்டுக்குள் போன மூன்று பன்னிரண்டு வயதுப் பிள்ளைகளில் திரும்பி வந்தவர் அவர்தான். கண்டுபிடித்தபோது ஒரு மரத்தை இறுகக் கட்டிக்கொண்டு நிற்கிறான் பையன். நகங்கள் பட்டைக்குள் இறங்கியிருக்கின்றன, காலணி முழுக்க ரத்தம். பிறகு இங்கிலாந்தில் ஒரு விடுதிப் பள்ளி. அங்கே பெயரையும் பேச்சையும் மாற்றிக்கொள்கிறான். இருபது வருடம் கழித்து அதே காட்டோரத்தில், அகழாய்வுக் களத்தில், ஒரு சிறுமியின் உடல் கிடைக்கிறது. வழக்கு ராப் கைக்கு வருகிறது. 'அந்தப் பையன் நான்தான்' என்று மேலதிகாரியிடம் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. அவர் உண்மையைத் தேடுகிறவர், பொய்யும் சொல்கிறவர். இதை ஆரம்பத்திலேயே நம்மிடம் ஒப்புக்கொண்டும் விடுகிறார். நாம்தான் சட்டை செய்யாமல் மேலே படிக்கிறோம்.

அடுத்த ஒரு நிமிடம் கதையின் முடிவைத் தொடுகிறேன். படிக்காதவர்கள் வேண்டுமானால் தள்ளி ஓட்டிக்கொள்ளுங்கள்.

சிறுமியைக் கொன்றது யார் என்பது தெரிந்துவிடும். 1984-ல் காட்டுக்குள் என்ன நடந்தது என்பது கடைசிவரை தெரியாது. புத்தகத்தைச் சுவரில் எறியலாம் போலிருந்தது என்று கோபப்பட்ட வாசகர்கள் இன்றும் உண்டு. முதல்முறை படித்தபோது நானும் அந்தக் கட்சிதான். இரண்டாம் முறை படித்தபோது ஒன்று பிடிபட்டது. ராப் அந்த நினைவின் வாசல்வரை போகிறார், உள்ளே போகப் பயந்து திரும்பிவிடுகிறார். கதை சொல்பவருக்குத் தெரியாததை நமக்கு மட்டும் எப்படிச் சொல்வது? சொல்லியிருந்தால் எழுத்தாளர் மேடையேறி, நடிகரைத் தள்ளிவிட்டுப் பேசியதாக ஆகியிருக்கும்.

இரண்டாவது நாவல் 'த லைக்னெஸ்'. கொலையுண்ட பெண், துப்பறிவாளர் காசி மேடக்ஸின் அச்சு அசலாக இருக்கிறாள். காசி அவளாகவே நடித்து, அவளுடைய நான்கு நண்பர்களோடு ஒரே வீட்டில் குடியேறுகிறார். நம்புகிற மாதிரியா இருக்கிறது? இல்லைதான். ஆனால் ஐம்பது பக்கம் தாண்டினால் அந்தக் கேள்வியே மறந்துபோகும். வேடம் போட்டவருக்கு அதைக் கழற்ற மனமில்லாமல் போவதை ஒரு நடிகை எழுதுகிறார் அல்லவா. இந்த இரண்டு நாவல்களையும் சேர்த்துத்தான் 2019-ல் 'டப்ளின் மர்டர்ஸ்' தொலைக்காட்சித் தொடர் வந்தது.

[திரையில்: பாதி கட்டி நிற்கும் வீடுகள். விளக்கில்லாத தெரு.]

என்னைக் கேட்டால் அவருடைய ஆகச் சிறந்த நாவல் 2012-ல் வந்த 'ப்ரோக்கன் ஹார்பர்'. இதற்கு அயர்லாந்தின் கதை கொஞ்சம் தெரிய வேண்டும். 2000-களில் அங்கே வீடு வாங்காதவன் முட்டாள் என்கிற அளவுக்கு ரியல் எஸ்டேட் மோகம். வங்கிகள் கடனை அள்ளிக் கொடுத்தன. 2008-ல் எல்லாம் சரிந்தது. 2010-ல் அந்த நாட்டுக்கு 8,500 கோடி யூரோ மீட்புக் கடன் திட்டம் தேவைப்பட்டது. கட்டி முடியாமல் நின்ற குடியிருப்புத் திட்டங்கள் மட்டும் 2,800-க்கு மேல். 'பேய்க் குடியிருப்புகள்' என்றே அவற்றுக்குப் பெயர் வந்துவிட்டது.

அப்படி ஒரு கடலோரக் குடியிருப்பில் ஒரு குடும்பம். கணவனுக்கு வேலை போய்விட்டது. வீட்டை விற்கலாம் என்றால் வாங்க ஆளில்லை. ஒருநாள் அவனும் இரண்டு குழந்தைகளும் பிணமாகக் கிடக்கிறார்கள், மனைவி உயிருக்குப் போராடுகிறாள். உள்ளே போகும் போலீசார் பார்ப்பது என்ன? சோபா, திரைச்சீலை எல்லாம் பளிச்சென்று இருக்கின்றன. ஆனால் சுவரில் அங்கங்கே ஓட்டைகள், உடைத்து எடுத்த ஓட்டைகள். கூடவே, குழந்தை தூங்குவதைக் கண்காணிக்க வைக்கும் சின்னக் கேமராக்கள், அந்த ஓட்டைகளைப் பார்த்தபடி. சுவருக்குள் ஏதோ இருக்கிறது என்று யாரோ நம்பியிருக்கிறார்கள்.

விசாரிப்பவர் மிக் கென்னடி. ஒழுங்காக, விதிப்படி வாழ்ந்தால் கெட்டது நம்மை அண்டாது என்பது அவர் கொள்கை. செத்தவனும் விதிப்படி வாழ்ந்தவன்தான்: படிப்பு, வேலை, கல்யாணம், வீட்டுக்கடன் என்று ஒன்றையும் விடவில்லை. போதாக்குறைக்கு, கென்னடியின் அம்மா கடலில் இறங்கி உயிரை விட்டதும் அதே கரையில்தான். சுவரில் இருக்கும் ஓட்டை அவருக்குள்ளும் விழுவதைப் பக்கம் பக்கமாகப் பார்க்கிறோம்.

பள்ளிக்கூடத்தில் நடக்கும் 'த சீக்ரெட் ப்ளேஸ்' எனக்கு அவ்வளவாக ஒட்டவில்லை, விட்டுவிடுகிறேன். 2018-ல் வந்த 'த விட்ச் எல்ம்' நாவலில் மேசையின் மறுபக்கத்துக்குப் போய்விடுகிறார். தலையில் அடிபட்டு நினைவு சிதறிய ஓர் இளைஞன், குடும்பத் தோட்டத்து மரப்பொந்தில் ஒரு மண்டை ஓடு. அந்தக் கொலையைச் செய்தது தானா என்பதே அவனுக்குத் தெரியாது. இத்தனை நாவல்களில் போலீஸ் பக்கம் உட்கார்ந்திருந்த நமக்கு, எதிரே உட்கார்ந்து அதே தந்திரங்களுக்குப் பதில் சொல்வது எப்படி என்று அப்போதுதான் புரிகிறது.

2020-ல் 'த சர்ச்சர்', 2024-ல் அதன் தொடர்ச்சியாக 'த ஹண்ட்டர்'. சிகாகோ போலீஸ் வேலையை விட்டு, மேற்கு அயர்லாந்தின் குக்கிராமம் ஒன்றுக்கு வந்து சேர்ந்த கேல் ஹூப்பரின் கதை. 'த சர்ச்சர்' நாவலில் முதல்முறையாக 'நான்' என்பதை முழுவதுமாக விட்டுப் படர்க்கையில் எழுதுகிறார். வேகம் குறைவு. கேலும், காணாமல் போன அண்ணனைத் தேடச் சொல்லி வரும் பக்கத்துப் பிள்ளையும் ஒரு பழைய மேசையைத் தேய்த்துச் செப்பனிடுவதே பக்கக் கணக்கில் போகும். பொறுமை இருந்தால் சுகம்.

[திரையில்: புத்தக அலமாரி.]

எதில் தொடங்கலாம்? தொடர் என்றாலும் ஒவ்வொன்றையும் தனியாகவே படிக்கலாம். விடை தெரியாத முடிவு பிடிக்காது என்பவர்கள் மூன்றாவது நாவலான 'ஃபெய்த்ஃபுல் ப்ளேஸ்' எடுங்கள். 1985-ல் டப்ளினின் ஏழைத் தெரு ஒன்றில் பத்தொன்பது வயதுப் பையன் ஒருவன், காதலியோடு லண்டனுக்கு ஓடிப்போகக் காத்திருக்கிறான். அவள் வரவில்லை. தன்னைக் கைவிட்டுப் போய்விட்டாள் என்றே நினைத்து வாழ்கிறான். 22 வருடம் கழித்து, அதே தெருவின் பாழடைந்த வீடு ஒன்றில் அவளுடைய பெட்டி கிடைக்கிறது. அவன் இப்போது போலீஸ்காரன்.