பேனா யார் கையில் இருக்கிறது?

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, அவையோரே, எல்லோருக்கும் வணக்கம்.

அரசுப் பணியில் பதவி உயர்வுக்கு இட ஒதுக்கீடு திறமைக்குத் தடையா, துணையா என்பது தலைப்பு. துணைதான் என்று பேச வந்திருக்கிறேன்.

எதிரணித் தலைவர், “வேலையில் சேரும்போது ஒதுக்கீடு கொடுங்கள், சரி. உள்ளே வந்தபின் எல்லோருக்கும் ஒரே வேலை, ஒரே சம்பளம். அப்புறம் திறமையை மட்டும்தானே பார்க்க வேண்டும்?” என்று கேட்டார். நியாயமாகத்தான் படுகிறது. அந்தத் திறமையை அளப்பது யார், ஐயா?

வேலைக்குச் சேரத் தேர்வு எழுதுகிறோம். விடைத்தாளைத் திருத்துபவருக்கு நம் பெயர் தெரியாது. பதவி உயர்வு பெரும்பாலும் அப்படி வருவதில்லை. மேலதிகாரி ஆண்டுதோறும் எழுதும் பணி மதிப்பீட்டுக் குறிப்புகளை வைத்துக்கொண்டு ஒரு குழு கூடி முடிவு செய்கிறது. குறிப்பு எழுதுகிறவருக்கு நம் பெயர் தெரியும், ஊர் தெரியும், ஊரில் எந்தத் தெரு என்பதும் தெரியும்.

என் அப்பா ஒரு மத்திய அரசு அலுவலகத்தில் எழுத்தராக இருந்தார். அலுவலகத்தின் பெயர் வேண்டாம். மார்ச் மாதம் கணக்கு முடிக்கும்போது பக்கத்துப் பிரிவுக்காரர்களும் அவரைத் தேடித்தான் வருவார்கள். ஆனால் அவருடைய குறிப்பில் வருடா வருடம் ‘சராசரி’. அந்தக் காலத்தில் ‘மோசம்’ என்று எழுதினால்தான் ஊழியரிடம் தெரிவித்தாக வேண்டும், அவர் முறையிடலாம். ‘சராசரி’ என்றால் யாரும் சொல்லமாட்டார்கள்; உயர்வு மட்டும் வராமல் போகும். பதினோரு வருடம் அதே நாற்காலி. தன்னிடம்தான் ஏதோ குறை என்று அம்மாவிடம் சொல்லிக்கொண்டிருந்தார். கோப்பைப் பார்த்த நண்பர் ஒருவர் சொல்லித்தான் உண்மை தெரிந்தது, அதுவும் ஓய்வு பெறும் தறுவாயில். எந்தக் குறிப்பானாலும் ஊழியருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் தேவ் தத் வழக்கில் சொன்னது 2008-இல். அப்பா அதற்கு முன்பே ஓய்வு பெற்றுவிட்டார்.

பன்னிரண்டாம் வருடம் இனச்சுழற்சியில், அதாவது ஒதுக்கீட்டு இடங்கள் வரிசைப்படி வரும் முறையில், ஓர் இடம் வந்தது. பிரிவுக்குத் தலைவரானார். புதிதாக எந்தத் திறமையும் அன்றைக்கு அவருக்கு வந்து சேரவில்லை. இருந்த திறமைக்கு அப்போதுதான் வழி கிடைத்தது.

பதவி உயர்வில் ஒதுக்கீடு பற்றிய வழக்கு நம் ஊருக்குப் புதிதும் இல்லை. தென்னக ரயில்வேயில் கிளம்பிய ரங்காச்சாரி வழக்கில் பதவி உயர்விலும் ஒதுக்கீடு செல்லும் என்று 1961-இலேயே உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 1992-இல், மண்டல் குழு பரிந்துரைத்த ஒதுக்கீடு பற்றிய வழக்கில், ஒன்பது நீதிபதிகள் அமர்வு பதவி உயர்வில் ஒதுக்கீடு செல்லாது என்றது. 1995-இல் நாடாளுமன்றம் அரசியலமைப்பில் 77-ஆவது திருத்தம் கொண்டுவந்து, பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் பதவி உயர்வில் ஒதுக்கீடு தர இடம் கொடுக்கும் 16(4-ஏ) பிரிவைச் சேர்த்தது. 2006-இல் நாகராஜ் வழக்கு வந்தது. உயர் பதவிகளில் போதிய பிரதிநிதித்துவம் இல்லை என்பதைக் கணக்குக் காட்டி நிரூபியுங்கள், நிர்வாகத் திறன் கெடாமலும் பாருங்கள் என்று நிபந்தனை போட்டது. ஆக, யாரும் கேள்வி கேட்காமல் அள்ளிக் கொடுக்கிற சலுகை என்று இதைச் சொல்ல முடியாது.

திறன் கெடும் என்கிறார்களே, அதை அளந்தே பார்த்திருக்கிறார்கள். அஸ்வினி தேஷ்பாண்டே, தாமஸ் வெய்ஸ்கோஃப் என்ற இரண்டு பொருளியல் அறிஞர்கள் இந்திய ரயில்வேயின் 1980 முதல் 2002 வரையிலான விவரங்களை ஆராய்ந்தார்கள். பட்டியல் சாதி, பழங்குடி ஊழியர் பங்கு கூடியதால் உற்பத்தித் திறன் குறைந்ததற்கு ஆதாரமே கிடைக்கவில்லை. ‘ஏ’, ‘பி’ பிரிவு உயர் பணிகளில் அவர்கள் பங்கு கூடியபோது திறன் கூடியதற்கான அறிகுறிகள்கூடத் தென்பட்டன. கோடிக்கணக்கான பேர் உயிரை நம்பி ஏறுகிற ரயில் அது, நடுவர் அவர்களே!

பதவி உயர்வுத் தேர்வுகளில் மதிப்பெண் தளர்வு இருக்கிறதே என்று எதிரணிச் சகோதரி கேட்டார். இருக்கிறது. 2000-இல் 82-ஆவது திருத்தம் அதற்கு இடம் கொடுத்தது. நான் மறைக்கவில்லை. வாசல்படி உயரத்தைக் கொஞ்சம் குறைக்கலாம் என்று சொன்ன சட்டம், உள்ளே போய் உழைக்க வேண்டாம் என்று யாருக்கும் சொல்லவில்லை.

தனக்குப் பின்னால் சேர்ந்தவர் தன்னைத் தாண்டிப் போகும்போது ஒரு மூத்த ஊழியருக்கு வலிக்கும் என்றும் சொன்னார்கள். அந்த வலி பொய்யில்லை, நான் மதிக்கிறேன். அதே வலியைப் பதினோரு வருடம் தினமும் சாயங்காலம் எங்கள் வீட்டுத் திண்ணையில் பார்த்தவள் நான். எங்களுக்குக் காரணம்கூடத் தெரியவில்லை, அவ்வளவுதான் வித்தியாசம்.

அப்பா பிரிவுத் தலைவரான முதல் வருடம் அவரே மற்றவர்களுக்குக் குறிப்பு எழுத வேண்டி வந்தது. எந்த விதியும் கேட்கவில்லை. ஆனாலும் தன் கீழ் வேலை பார்த்த ஒவ்வொருவரையும் தனியாகக் கூப்பிட்டு உட்காரவைத்து, என்ன எழுதப்போகிறேன், ஏன் எழுதப்போகிறேன் என்று சொல்லிவிட்டுத்தான் பேனாவைத் திறந்தார்.

நன்றி, வணக்கம்.