சீனியாரிட்டியா, மெரிட்டா? பதிவு மூப்பு பற்றிய கேள்விக்கு விளக்கம்

அடுத்த கேள்வி, அறந்தாங்கி பக்கத்துல இருந்து ஒரு சகோதரி அனுப்பியிருக்காங்க. "2001ல பி.எட். முடிச்சு எம்ப்ளாய்மென்ட் ஆபீஸ்ல பதிஞ்சேன். மூணு வருஷத்துக்கு ஒருமுறை விடாம புதுப்பிக்கிறேன். 2013 டெட்ல, அதாவது ஆசிரியர் தகுதித் தேர்வுல, 150க்கு 98 மார்க். எனக்குப் பின்னாடி பதிஞ்சவங்க எல்லாம் டீச்சரா இருக்காங்க. சீனியாரிட்டிக்கு மதிப்பே கிடையாதா சார்?" அப்படின்னு கேட்டு, மார்க் விவரமும் கொடுத்திருக்காங்க.

முதல்ல சட்டத்தைச் சொல்லிடறேன். டெட் வர்றதுக்கு முன்னாடி சில வருஷம் பட்டதாரி ஆசிரியர்களை மாநில அளவிலான பதிவு மூப்புலதான், அதாவது எம்ப்ளாய்மென்ட் ஆபீஸ்ல யார் முதல்ல பதிஞ்சாங்கங்கிற வரிசையிலதான் எடுத்தாங்க. இப்ப அந்த முறை இல்ல. 2010 ஆகஸ்ட் 23ல, ஆசிரியர் தகுதியை நிர்ணயிக்கிற மத்திய அமைப்பான என்.சி.டி.இ.யோட அறிவிப்பு வந்துச்சு. ஒண்ணுல இருந்து எட்டாம் வகுப்பு வரைக்கும் பாடம் எடுக்கணும்னா டெட் கட்டாயம்னு ஆச்சு. அதுக்கும் முன்னாடி, 1996லயே சுப்ரீம் கோர்ட், எம்ப்ளாய்மென்ட் லிஸ்ட்டோட நிறுத்திக்காதீங்க, பத்திரிகையில விளம்பரம் கொடுத்து விண்ணப்பிக்கிற எல்லாரையும் பரிசீலிங்கன்னு சொல்லிடுச்சு. அதனால பதிவு மூப்பை மட்டும் வச்சு இனிமே வேலையை உரிமையாக் கேட்க முடியாது.

ஆனா பதிவு மூப்பைக் கேலி பேசுறவங்களோட நான் சேர மாட்டேன். கோச்சிங் சென்டருக்குப் பணம் கட்ட முடியாத வீட்டுப் பிள்ளைக்கு, என்னைக்காவது கால் லெட்டர் வரும்ங்கிற நம்பிக்கையைக் கொடுத்தது அந்த அட்டைதான்.

உங்களை உண்மையிலேயே அடிச்சது எது தெரியுமா? வெயிட்டேஜ், அதாவது பழைய படிப்பு மார்க்கையும் டெட் மார்க்கையும் சேர்த்துப் போட்ட கணக்கு. 2014ல வந்த அரசாணை 71ன்படி பிளஸ் டூவுக்கு 10, டிகிரிக்கு 15, பி.எட்.டுக்கு 15, டெட்டுக்கு 60. உங்க மார்க்கையே போட்டுப் பார்ப்போம். பிளஸ் டூ 60 சதவீதம், அதுக்கு 6. டிகிரி 55, அதுக்கு 8.25. பி.எட். 70, அதுக்கு 10.5. டெட் 98க்கு 39.2. மொத்தம் 63.95. இப்ப சமீபத்துல படிச்சு முடிச்ச ஒரு பொண்ணு, டெட்ல 92தான், உங்களைவிட ஆறு மார்க் கம்மி. ஆனா பிளஸ் டூ 90, டிகிரி 80, பி.எட். 88. அவங்களுக்கு 71 வந்துடும். நீங்க ஏழு மார்க் பின்னாடி போயிடுவீங்க! 1990கள்ல பிளஸ் டூல 1200க்கு ஆயிரத்தைத் தாண்டினா ஊரே பேசும். பின்னாடி அது சாதாரணமாயிடுச்சு. ரெண்டு காலத்து மார்க்கையும் ஒரே தராசுல வச்சா எப்படிங்க? 2016ல சுப்ரீம் கோர்ட் இந்த வெயிட்டேஜ் செல்லும்னுதான் சொன்னாங்க. தீர்ப்பை மதிக்கிறேன், ஆனா அது மெரிட்டும் இல்ல, சீனியாரிட்டியும் இல்லைங்கிறதுதான் என் கருத்து. 2018ல அரசாணை 149 போட்டு அதை எடுத்துட்டாங்க. டெட் முடிச்சவங்களுக்குத் தனியாப் போட்டித் தேர்வுன்னு ஆச்சு.

இந்தப் போட்டித் தேர்வு வேண்டாம்னு எத்தனை போராட்டம் நடந்துச்சுன்னு உங்களுக்கே தெரியும். ஒரே நாள், ஒரே வினாத்தாள், அது இருக்கிறதுல நியாயமானதுதான்னு நான் நினைக்கிறேன். கோபம் வரவேண்டியது வேற இடத்துல. டெட்டை வருஷத்துக்கு ஒரு தடவையாவது நடத்தணும்னு என்.சி.டி.இ. வழிகாட்டுதலே இருக்கு. இங்க 2013க்கு அப்புறம் 2017, அப்புறம் 2019, அப்புறம் 2022. பட்டதாரி ஆசிரியர் பணிக்கு 2014க்குப் பிறகு பெரிய அளவுல நேரடி நியமனத் தேர்வு நடந்தது 2024 பிப்ரவரி 4ல. பத்து வருஷம்! 2013ல தேர்வு எழுதி மெரிட்ல ஜெயிச்சவங்கதான் நீங்களும். காக்க வச்சே உங்களை சீனியாரிட்டி கேட்க வச்சுட்டாங்க. வருஷா வருஷம் காலியிடத்தை நிரப்பியிருந்தா இந்தச் சண்டையில பாதி வந்தே இருக்காது.

இப்ப நீங்க செய்ய வேண்டியது. உங்க டெட் சான்றிதழ் செல்லும், ஏழு வருஷக் கெடுவை எடுத்து 2021ல ஆயுள் முழுக்கன்னு ஆக்கிட்டாங்க. வயசும் தடை இல்ல, 2023 அறிவிப்புல பொதுப் பிரிவுக்கு 53, மத்தவங்களுக்கு 58 வரைக்கும் கொடுத்திருந்தாங்க. எம்ப்ளாய்மென்ட் பதிவையும் விட்டுடாதீங்க, புதுப்பிச்சுட்டே இருங்க. படிக்கும்போது முதல்ல தமிழ்த் தகுதித் தாளை எடுங்க. 50க்கு 20 எடுக்கலைன்னா உங்க பாடத் தாள் மார்க் கணக்குலயே வராது.